வெயிலின் மேல் பழி

கோடைகாலத்தில் மனிதர்களுடைய கட்டுப்பாடுகள் ஏன் தளர்ந்துபோகின்றன என்று கேட்டால், வெயில்தான் காரணம் என்று எங்களில் பலர் கூசாமல் எழுதிவிடுகிறோம். கதாநாயகி வழி தவற வேண்டுமா? ‘அன்று ஒரே புழுக்கம்’ என்று ஒரு வரி போட்டால் தீர்ந்தது. நானும் போட்டிருக்கிறேன். ஆனால் நம்மவர்கள் சித்திரையில் கோடைக்கானலுக்குப் போய், கம்பளிச் சட்டைக்குள் இருந்துகொண்டே அல்லவா கட்டுத் தளர்கிறார்கள்!

செகாவ் 1899-ல் வெளியிட்ட ‘நாய்க்காரச் சீமாட்டி’யை மறுபடியும் படித்தபோதுதான், அவர் வெயிலை இந்தப் பழியிலிருந்து எவ்வளவு நாசூக்காக விடுவித்திருக்கிறார் என்பது தெரிந்தது. இடம், கருங்கடல் ஓரத்து யால்டா. கூரோவ் மாஸ்கோவில் பாங்கி உத்தியோகஸ்தன். மனைவியும் மூன்று குழந்தைகளும் உண்டு. அன்னா வேறோர் ஊரில் வாழ்க்கைப்பட்டவள். இருவரும் தனித்தனியே ஓய்வுக்கு வந்தவர்கள். அன்றைக்குப் புழுக்கம், புழுதிக் காற்று, தாகம் எல்லாம் இருக்கத்தான் இருக்கின்றன. ஆனால் முதல் முத்தம் விழுவது காற்று அடங்கியபின், கப்பல் பார்க்க வந்த கூட்டம் கலைந்து, முகம் தெரியாத இருட்டில். அந்தக் கூட்டத்தில்தான் அன்னா, கைப்பிடியைப் பிடித்துப் பார்க்கும் தன் கண்ணாடியைத் தொலைத்துவிடுகிறாள். பின்வந்த நாட்களில் கூரோவ் புது மனிதனாக மாறியதற்குச் செகாவ் அடுக்கும் காரணங்களில் உஷ்ணமும் ஒன்று. கூடவே சோம்பல், கடல் வாசனை, நன்றாக உடுத்து வயிறு நிறையச் சாப்பிட்டு உலாவும் ஜனங்கள். ஊர் வாய்க்கு எட்டாத இடம், அவ்வளவுதான். அப்படியும் முத்தமிட்டவுடன் யாராவது பார்த்தார்களா என்று அவன் சுற்றுமுற்றும் பார்க்கிறான்! தெரிந்தவர் ஒருவருமில்லாத ஊரில் இந்தப் பயம் எதற்கு?

இந்த ஜனங்களுக்கு நன்மை தீமை தெரியவில்லை என்று 1900-ல் டால்ஸ்டாய் நாட்குறிப்பில் குறைப்பட்டுக்கொண்டார். பெரியவர் மனசு கோடையோடு நின்றுவிட்டது என்று நினைக்கிறேன். கதை பனிக்காலத்தில்தான் தொடங்குகிறது.

ஒரு மாதத்தில் மறந்துவிடும் என்று எண்ணியிருந்த கூரோவுக்கு மறக்கவில்லை. ஒருநாள் க்ளப்பிலிருந்து வெளியே வரும்போது, யால்டாவில் கண்ட பெண்ணைப் பற்றிக் கூடவந்த உத்தியோகஸ்தரிடம் வாய்விட்டுச் சொல்கிறான். அவரோ, அன்று சாப்பிட்ட மீன் நாறியதைப் பற்றித் திருப்பிச் சொல்கிறார். டிசம்பரில் பொய் சொல்லிவிட்டு அவள் ஊருக்கே போகிறான். நாடகக் கொட்டகைக் கூட்டத்தில், கையில் மலிவான ஒரு கண்ணாடியோடு, விசேஷம் ஒன்றுமில்லாத அந்தச் சிறிய பெண் உட்கார்ந்திருக்கிறாள். இவளைவிட நெருங்கியவர் உலகத்தில் தனக்கு யாருமில்லை என்பது அவனுக்கு அங்கேதான் தெரிகிறது.

இடைவேளையில் இருவரும் படிக்கட்டில் நிற்கிறார்கள். அவள் புருஷன் இருக்கும் கொட்டகை. மேலே இரண்டு பள்ளிக்கூடத்துப் பையன்கள் சிகரெட் பிடித்துக்கொண்டு கீழே பார்த்துக்கொண்டிருக்கிறார்கள். கூரோவ் அதைப் பொருட்படுத்தவே இல்லை. அவளை இழுத்து முத்தமிடுகிறான். அவள்தான் பயந்து தள்ளிவிடுகிறாள்.

கோடையை எழுதுகிறவர்களில் இந்தப் படிக்கட்டு வரைக்கும் வந்தவர்கள் குறைவு. நான் வந்ததில்லை.