ஜிப்மர் நிறுத்தத்தில் ஒரு விடிகாலை

புதுச்சேரி என்றதும் எல்லோரும் கடற்கரைச் சாலைக்குத்தான் ஓடுகிறார்கள். என்னைக் கேட்டால், மனிதர்களைப் பார்க்க இந்த ஊரில் கோரிமேட்டை மிஞ்ச இடமில்லை. அதுவும் திங்கட்கிழமை விடியலில் அங்குள்ள ஜிப்மர் மருத்துவமனை பஸ் நிறுத்தம் இருக்கிறதே, அடடா!

திண்டிவனத்திலிருந்து வரும் பஸ் தமிழ்நாட்டு எல்லையைத் தாண்டும்போதே கண்டக்டர் குரல் கொடுத்துவிடுவார்: "ஜிப்மர்லாம் எழுந்து வா!" பாதி பஸ் காலியாகும். எக்ஸ்ரே கவரை மார்போடு அணைத்தபடி ஒருவர், கட்டைப்பையில் பிளாஸ்க்கும் போர்வையுமாக இன்னொருவர். விழுப்புரம், கடலூர், கள்ளக்குறிச்சி, திருவண்ணாமலை என்று எங்கெங்கிருந்தோ வந்த சனம். 1823இல் பிரெஞ்சுக்காரர்கள் தொடங்கிய மருத்துவப் பள்ளி 1956இல் தன்வந்திரி மருத்துவக் கல்லூரியாகி, 1964இல் ஜிப்மர் ஆனது. நல்ல வைத்தியம், கையைக் கடிக்காத செலவு. பிறகு ஏன் வரமாட்டார்கள்?

இங்கே அறிமுகமே "யாருக்கு முடியல?" என்ற கேள்வியில்தான் தொடங்குகிறது. வீடு திரும்பும் கூட்டமும் இதே சாலையோரத்தில் பஸ்ஸுக்கு நிற்பதால், வந்தவருக்கு வழிகாட்ட ஆள் தேட வேண்டியதில்லை. ஒருநாள் கைக்குழந்தையோடு நின்ற ஒரு பெண், அப்போதுதான் இறங்கித் திகைத்து நின்ற மூதாட்டியிடம், "மொதல்ல ஓபி சீட்டு போடணும் ஆயா, ஆதார் கார்ட கையிலயே வெச்சுக்கோ" என்று நிதானமாகச் சொல்லிக்கொடுத்தாள். பேச்சோடு பேச்சாகத் தன் பாயைச் சுருட்டி ஆயாவின் கையில் திணித்தாள். "நாங்க வூட்டுக்குப் போறோம். உனக்கு ராத்திரிக்கு ஆவும்." ஆயா குழந்தையின் தலையைத் தடவினார். அதற்குள் பஸ் வந்துவிட்டது. பெயர்கூடக் கேட்டுக்கொள்ளவில்லை இருவரும்! வார்டு வராந்தாவில் துணைக்குப் படுப்பவருக்குப் பாய் எவ்வளவு பெரிய சொத்து என்று படுத்துப் பார்த்தவர்களுக்குத் தெரியும். அந்தப் பெண்ணுக்குத் தெரிந்திருந்தது.

இத்தனை அவசரத்திலும் இத்தனை ஈரத்தை வேறெந்த நிறுத்தத்திலும் நான் கண்டதில்லை.

நீங்களும் ஒருமுறை போய்ப் பாருங்கள். ஞாயிற்றுக்கிழமை போகாதீர்கள், அன்று ஓபி கிடையாது. வேலைநாளில் விடியும் நேரத்துக்கே போய் நில்லுங்கள். யாராவது கையிலிருக்கும் சீட்டை நீட்டினால் படித்துச் சொல்லுங்கள். முடிந்தால் கேட் வரைக்கும் கூடவே நடந்து விட்டுவிட்டு வாருங்கள்.