சத்தம் போடாதே: ஒலியின் சாதி பற்றிச் சில குறிப்புகள்

போன மாதம் எங்கள் தெருவில் ஒரு சாவு. பறை அடித்தார்கள். எதிர்வீட்டுக்காரர் வந்து, "என்ன சார், காதே கிழியுது, போலீசுக்குச் சொல்லலாமா?" என்றார். மார்கழி முழுக்க விடியற்காலை அஞ்சு மணிக்குக் கோயில் ஒலிபெருக்கி அலறியபோது, "தெய்வீகமா இருக்கு" என்றவரும் இவர்தான். எனக்கு எழுத்து வேலை இருந்தது. பதில் சொல்லாமல் கதவைச் சாத்திக்கொண்டேன்.

இரைச்சலை டெசிபல் மட்டும் தீர்மானிப்பதில்லை. அது ஓர் ஒலிக்கு இடப்படும் பெயர். பெயரிடும் அதிகாரம் யாருக்கு என்பதே கேள்வி. 'சத்தம்' வடமொழி 'சப்த'த்திலிருந்து வந்தது. மீமாம்சையில் சப்தம் பிரமாணம்: வேதத்தின் சொல், கேள்விக்கு அப்பாற்பட்டது. அதுவே தெருவுக்கு வந்ததும் 'சத்தம் போடாதே' ஆகிறது. 'பறை'க்கும் சொல் என்றொரு பொருள் உண்டு. மலையாளத்தில் இன்றும் பறைதல் பேசுதல்தான். தொல்காப்பியம் திணைக்குரிய கருப்பொருள்களில் பறையையும் வைக்கிறது. ஆக, இரண்டுமே சொல். ஒன்று பிரமாணமாயிற்று, மற்றது தீட்டாயிற்று.

சட்டமும் காதுகளைப் பிரிக்கிறது. 2000ஆம் ஆண்டின் ஒலி மாசு விதிகளில் குடியிருப்புப் பகுதிக்குப் பகலில் 55 டெசிபல், இரவில் 45. தொழிற்பகுதிக்கு 75, 70. ஆலைச் சுவரை ஒட்டிக் குடிசை போட்டிருப்பவரின் தூக்கம் எந்தக் கணக்கில் சேரும்?

ழாக் அத்தாலி 1977இல் வெளியான தன் நூலில், இரைச்சலை ஒழுங்கைக் குலைக்கும் வன்முறையாகவும் வரப்போகும் சமூகத்தின் முன்னறிவிப்பாகவும் வாசித்தார். இதைப் பிடித்துக்கொண்டு நம் நண்பர்கள் சிலர் இரைச்சலெல்லாம் கலகம் என்கிறார்கள். எனக்கு இதில் உடன்பாடில்லை. சாவுக்குப் பறையடிப்பது சாதி சுமத்திய ஊழியம். "இனி அடிக்க மாட்டோம்" என்று பறையைக் கீழே வைத்த ஊர்கள் உண்டு. அங்கே மௌனம்தான் கலகம். அதே பறை தொண்ணூறுகளில் தலித் கலைவிழா மேடைகளில் முழங்கியபோது சத்தம் கலகமாயிற்று. தோலும் குச்சியும் அதேதான். அடிக்கவும் நிறுத்தவும் முடிவெடுத்தவர்கள் மாறியிருந்தார்கள். ஒலியின் அரசியலை இந்த முடிவெடுக்கும் உரிமையிலிருந்துதான் பேசத் தொடங்க வேண்டும்.

"மார்கழியில உங்க காது எங்க சார் போச்சு?" என்று அன்றைக்கு எதிர்வீட்டுக்காரரிடம் நான் கேட்டிருக்க வேண்டும். கேட்கவில்லை. அடித்தவர்கள் விரும்பி வந்தார்களா, கூலிக்கா, ஊர்க் கட்டாயத்துக்கா என்று அவர்களிடமும் கேட்கவில்லை. போலீசைக் கூப்பிட நினைத்தவருக்கும் கதவைச் சாத்திய எனக்கும் அன்று ஒரே காதுதான் இருந்தது.