பார்க்கர் போசி: சுயாதீன நகைச்சுவைப் படங்கள்

பார்க்கர் போசி (பிறப்பு: நவம்பர் 8, 1968) அமெரிக்க நடிகை. 1990-களில் குறைந்த செலவில் எடுக்கப்பட்ட சுயாதீன நகைச்சுவைப் படங்கள் வழியாக அறியப்பட்டவர். 'டைம்' இதழ் 1997-ல் அவரைச் சுயாதீனப் படங்களின் அரசி என்று குறிப்பிட்டது. அவரைப் பற்றிய கட்டுரைகளில் இன்றுவரை அப்பட்டம் தொடர்கிறது. ஆனால் அது அவர் எங்கே நடித்தார் என்பதைச் சொல்கிறதே தவிர, எப்படி நடித்தார் என்பதைச் சொல்வதில்லை.

அற்பமான ஒன்றை உயிர்போகிற காரியமாக எடுத்துக்கொள்பவர்களே போசியின் சிறந்த பாத்திரங்கள். டெய்சி வான் ஷெர்லர் மேயர் இயக்கிய 'பார்ட்டி கேர்ள்' (1995) இதற்கு நல்ல உதாரணம். நியூயார்க்கில் விருந்துகளில் காலம் கழிக்கும் மேரி, கைதான பின் ஞானத்தாயின் தயவால் நூலகத்தில் எழுத்தர் ஆகிறாள். இரவெல்லாம் தனியாக இருந்து தூயி தசமப் பகுப்பு முறையைக் கற்கிறாள். பிறகு அறைத்தோழனின் இசைத்தட்டுகளையும் அதே முறையில் அடுக்கிவைக்கிறாள். புத்தகத்தைக் கண்ட இடத்தில் செருகிய வாசகரை அவள் கடியும் காட்சியில் போசி கேலியாக நடிக்கவில்லை. மேரியின் கோபம் உண்மையானது. சிரிப்பும் அதனால்தான் வருகிறது. கதை எளிதில் ஊகிக்கக்கூடியது, துணைப்பாத்திரங்கள் மெலிந்தவை. படத்தைத் தாங்குவது போசி மட்டுமே.

'தி ஹவுஸ் ஆஃப் யெஸ்' (1997) இதே தீவிரத்தை மனப்பிறழ்வு வரை கொண்டுசெல்கிறது. அப்படத்துக்காக சன்டான்ஸ் விழாவில் சிறப்பு அங்கீகாரம் பெற்றார்.

கிறிஸ்டோபர் கெஸ்டின் படங்களில் காட்சிக்குறிப்பு மட்டுமே உண்டு. வசனத்தை நடிகர்களே அந்த இடத்தில் உருவாக்கவேண்டும். 'பெஸ்ட் இன் ஷோ' (2000) படத்தில் நாய்க் கண்காட்சிக்கு வந்த மெக் ஸ்வான், தொலைந்துபோன தேனீ பொம்மைக்காகக் கடைக்காரரிடம் வெடிக்கிறாள். பல்லில் கம்பி கட்டிய பணக்காரியின் அந்த ஆத்திரத்தில் பயமும் கலந்திருக்கிறது. இதை எழுதிவைத்து வரவழைக்க முடியுமா என்பது சந்தேகமே.

பெரிய ஸ்டுடியோக்கள் இத்திறனைச் சிறிய அளவிலேயே பயன்படுத்தின. 'யூ ஹேவ் காட் மெயில்' (1998) படத்தில், நின்றுபோன மின்தூக்கிக்குள் மற்றவர்கள் வாழ்க்கையை எண்ணிப் பார்க்கும்போது அவர் மிட்டாயைத் தேடுகிறார். சில நொடிகளில் காதலனுக்கு அவள் யாரென்று புரிந்துவிடுகிறது. கதையில் அவள் வேலையும் முடிந்துவிடுகிறது. 'சூப்பர்மேன் ரிட்டர்ன்ஸ்' (2006) படத்தில் வில்லனின் தோழியாக அருகில் நிற்பதே பெரும்பாலும் வேலை. போசியின் பாத்திரங்களுக்குச் சூடேற நேரம் வேண்டும். அதைத் தந்தவை சிறிய படங்களே. பட்டமோ அவரை அங்கேயே நிறுத்திவைத்தது.

2025-ல் 'தி ஒயிட் லோட்டஸ்' தொடரின் மூன்றாம் பருவத்தில் மாத்திரை மயக்கத்தில் மிதக்கும் செல்வந்தர் வீட்டுத் தலைவி விக்டோரியாவாக நடித்தார். சொற்களை இழுத்துப் பேசும் அவருடைய தென்மாநில உச்சரிப்பை ரசிகர்கள் போலச்செய்து மகிழ்ந்தனர். பலருக்கு அது புதிய நடிகையாகத் தோன்றியது. மேரியைப் பார்த்தவர்களுக்கு அப்படித் தோன்றியிருக்காது.