இரண்டு முறை கட்டும் வீடு

'வீட்டைக் கட்டிப் பார், கல்யாணம் பண்ணிப் பார்' என்று சொல்லி வைத்த பெரியவர்களுக்கு வங்கிக் கடன் தெரியாது. அவர்கள் காலத்தில் வீடு கட்டுகிறவன் நெல் விற்ற பணத்தையோ, மனைவியின் நகையையோ, சிறுகச் சிறுகச் சேர்த்ததையோ வைத்துக்கொண்டு ஆரம்பிப்பான். போதாததற்குக் கைமாற்று வாங்குவான். கஷ்டமெல்லாம் செங்கல்லோடும் சுண்ணாம்போடும் கொத்தனாரோடும்தான். கிருகப்பிரவேசம் ஆனதும் பழமொழியின் வேலை முடிந்துவிடும். இன்றைக்குக் கிருகப்பிரவேசத்தன்றுதான் இரண்டாவது வேலை ஆரம்பமாகிறது. தமிழில் வீட்டையும் கட்டுகிறோம், தவணையையும் கட்டுகிறோம். இரண்டுக்கும் ஒரே வினைச்சொல். முதல் கட்டுதல் ஒரு வருஷத்தில் முடிகிறது. இரண்டாவது இருபது வருஷம் நடக்கிறது.

இந்த இரண்டாவது கட்டுதலைப் பற்றி, நான் படித்த வரையில், தமிழில் ஒரு நல்ல நாவல் இல்லை. அது ஏன் என்று யோசிப்பதுதான் இந்தக் கட்டுரையின் நோக்கம்.

முதல் கட்டுதலைப் பற்றி நம்மிடம் ஒரு சிறந்த படைப்பு உண்டு. புத்தகமல்ல, சினிமா. பாலு மகேந்திராவின் 'வீடு'. 1988-இல் வந்தது. சுதா என்ற உத்தியோகம் பார்க்கும் பெண், வயதான தாத்தா, ஒரு தங்கை. வாடகை வீட்டைக் காலி செய்யச் சொல்லிவிடுகிறார்கள். வளசரவாக்கத்தில் இருக்கும் நிலத்தில் ஒரு பகுதியை விற்று, கடனும் வாங்கி, மிச்ச நிலத்தில் ஒரு சின்ன வீடு கட்ட முற்படுகிறார்கள். காண்டிராக்டர் சிமெண்டைத் திருடுகிறான். சித்தாள் மங்கம்மா அதைப் போட்டு உடைக்கிறாள். தாத்தா பாதி எழும்பிய வீட்டைப் போய்ப் பார்த்துத் தடவிவிட்டு வந்து, குடிபுகாமலே கண்ணை மூடிவிடுகிறார். கடைசியில் அந்த நிலமே குடிநீர் வாரியத்துக்காக எடுக்கப்பட்டது என்று அதிகாரி வந்து சொல்கிறார். அர்ச்சனாவுக்கும் படத்துக்கும் தேசிய விருது கிடைத்தது நியாயம்தான். சொக்கலிங்க பாகவதர் சுவரைத் தடவும் கைகளை நான் இன்னும் மறக்கவில்லை.

ஆனால் 'வீடு' ஒரு விஷயத்தில் பழமொழியின் எல்லைக்குள்ளேயே நிற்கிறது. அதில் துன்பம் தருகிறவர்களுக்கெல்லாம் முகம் உண்டு: வீட்டுக்காரர், காண்டிராக்டர், அதிகாரி. வட்டிக்கு முகம் இல்லை. சுதா வழக்கில் ஜெயித்து, வீட்டில் பால் காய்ச்சி, அப்புறம் மாதாமாதம் சம்பளத்திலிருந்து கட்ட ஆரம்பித்திருந்தால் அவள் கதை என்ன ஆகியிருக்கும்? அதைச் சொல்ல வேறொரு படம் வேண்டும். பாலு மகேந்திராவைக் குறை சொல்வதாக நினைக்கவேண்டாம். நானும் என் நாவல் ஒன்றைக் கிருகப்பிரவேசத்தோடு முடித்தவன்தான். மாவிலைத் தோரணத்துக்கு அப்பால் என்ன எழுதுவது என்று எனக்குத் தெரியவில்லை.

எனக்கு அதைக் காட்டிக் கொடுத்தவர் திருவொற்றியூர் வாசகர் ஒருவர். எண்ணூர்ப் பக்கம் ஒரு தொழிற்சாலையில் ஷிப்டு வேலை. 2011-இல் கடன் வாங்கித் திருவொற்றியூரில், கடலுக்கு இரண்டு தெரு தள்ளி, ஒரு சின்ன வீடு வாங்கினார். என்னைப் பார்க்க வந்தபோது மடித்துப் பழுத்துப்போன சில தாள்களை மேஜைமேல் வைத்தார். "சார், நீங்க கதை எழுதறவரு. இத ஒரு தபா படிச்சிப் பாருங்க. இதுல என் கத இருக்குது" என்றார்.

கடன் கொடுத்த அன்று கையில் கொடுத்த தவணை அட்டவணை அது. 240 வரிகள். மாதத்துக்கு ஒரு வரி. ஒவ்வொரு வரியிலும் கட்ட வேண்டிய தொகை, அதில் வட்டிக்குப் போவது, அசலுக்குப் போவது, பாக்கி. நான் அதை ஒரு நாவலைப் படிப்பதுபோலவே படித்தேன். படிக்கத் தகுந்ததாகவும் இருந்தது.

கடன் 20 லட்சம். வட்டி 9 சதவிகிதம். மாதத் தவணை 17,995 ரூபாய். முதல் மாதத்தில் அதில் 15,000 வட்டிக்குப் போய்விடுகிறது. அசலில் கழிவது 2,995தான். ஐந்து வருஷம் கட்டிய பிறகு, கொடுத்திருப்பது 10 லட்சத்து 80 ஆயிரம். பாக்கி 17 லட்சத்து 74 ஆயிரம். பத்து வருஷத்தில் வாங்கிய 20 லட்சத்துக்கு மேலேயே கொடுத்தாகிவிட்டது. இன்னும் 14 லட்சத்து 20 ஆயிரம் நிற்கிறது. அசலில் சரிபாதி எப்போது கழிகிறது என்று விரல் வைத்துப் பார்த்துக்கொண்டே போனேன். பதினான்காவது வருஷத்தின் முடிவில். ராமன் வனவாசம் முடிந்து அயோத்திக்குத் திரும்பிவிட்டான். நம் ஆசாமிக்குப் பாதி வீடு சொந்தமாகியிருக்கிறது. 240-வது வரியில் கூட்டிப் பார்த்தால் மொத்தம் 43 லட்சத்து 19 ஆயிரம். ஒரு வீட்டில் குடியிருக்க இரண்டு வீட்டுக்கு மேலேயே பணம் கட்டியாகிறது.

அவர் ஊரின் பெயரையும் கவனிக்க வேண்டும். ஒற்றி என்றாலே அடமானம்தான். பேச்சில் ஒத்தி என்கிறோம். அந்தச் சிலேடையைப் பழைய புலவர்கள் சும்மா விடவில்லை. சுவாமியின் ஊரே அடமானத்தில் இருக்கிறது என்று கேலி செய்திருக்கிறார்கள். ஆனால் பழைய ஒத்தியில் ஒரு நேர்மை இருந்தது. பணம் கொடுத்தவன் வாடகையில்லாமல் என் வீட்டில் குடியிருப்பான். நான் பணத்தைத் திருப்பினால் வீட்டைத் திருப்புவான். என் வீட்டில் வேறொருவன் உலை வைப்பதுதான் வட்டி. அதைத் தினமும் கண்ணால் பார்க்கலாம். வங்கிக் கடனில் நாமே குடியிருக்கிறோம். பத்திரம் மட்டும் வங்கியில் இருக்கிறது. 1882-ஆம் வருஷத்துச் சொத்து மாற்றுச் சட்டமே, பத்திரத்தை ஒப்படைத்தாலே அடமானம் என்ற வழக்கத்தைச் சென்னை போன்ற துறைமுகப் பட்டணங்களுக்கு ஒப்புக்கொண்டது. வியாபாரிகளின் அவசரத்துக்கு ஏற்பட்ட வழி இன்று ஷிப்டுத் தொழிலாளியின் வழியாகிவிட்டது. தவணை தவறினால் 2002-ஆம் வருஷத்துச் சட்டப்படி, 60 நாள் நோட்டீஸ் கொடுத்துவிட்டு, கோர்ட்டுக்குப் போகாமலே வீட்டை எடுத்துக்கொள்ளலாம். அதுவரை ஒன்றும் கண்ணில் படாது.

கண்ணில் படாததை நம் கதைக்காரர்களால் எழுத முடியவில்லை என்பதுதான் என் அபிப்பிராயம். கடன் என்றால் நமக்கு ஈட்டிக்காரனும் கந்துவட்டிக்காரனும் வாசலில் நின்று கத்த வேண்டும். ஆர்.கே. நாராயண் 1952-இல் ஒரு முழு நாவலையே ஒரு அடமான வங்கியின் எதிரே, ஆலமரத்தடியில் ஆரம்பித்தார். ஆனால் அவர் கண் போனதெல்லாம் மார்கய்யா என்ற தரகன்மேல்தான். கடன் வாங்கிப் போன கிராமத்தானோடு அவர் போகவில்லை. வடசென்னையைப் பற்றிப் பத்து வருஷமாக வரும் நல்ல படங்களையே எடுத்துக்கொள்ளுங்கள். 'மெட்ராஸ்', 'வட சென்னை', 'சார்பட்டா பரம்பரை'. சுவருக்காகவும் குப்பத்துக்காகவும் கௌரவத்துக்காகவும் சண்டை நடக்கிறது. நிஜம்தான். ஆனால் ராயபுரத்திலிருந்து எண்ணூர் வரை ஆயிரக்கணக்கான வீடுகளில் ரத்தம் சிந்தாமல் நடக்கும் பெரிய சம்பவம் ஐந்தாம் தேதி வங்கிக் கணக்கிலிருந்து போகும் தவணை. அதற்குக் காமிராவும் இல்லை, பேனாவும் இல்லை.

இங்கே ஒரு நியாயம் சொல்லியாக வேண்டும். வங்கி கந்துவட்டிக்காரன் அல்ல. தவணை தவறாதவரையில் குறைந்துவரும் பாக்கிக்குத்தான் வட்டி. வட்டிக்கு வட்டி இல்லை. வாடகை கொடுத்தாலும் பணம் போகிறதுதான், அதற்குப் பத்திரம் கிடையாது. இருபது வருஷம் கழித்துக் கொடுக்கும் பதினெட்டாயிரம் இன்றைய பதினெட்டாயிரம் அல்ல என்பதும் உண்மை. இத்தனையும் ஒப்புக்கொள்கிறேன். வீட்டின் விலையை ஏற்றுவது வட்டி விகிதம் மட்டுமல்ல, காலத்தின் நீளமும்தான். அதே 20 லட்சத்தை அதே வட்டியில் பத்து வருஷத்தில் கட்டினால் மாதம் 25,335 ஆகும். மொத்த வட்டி 10 லட்சத்து 40 ஆயிரத்தோடு நின்றுவிடும். இருபது வருஷத்தில் அதுவே 23 லட்சத்துக்கு மேல். பெரிய தவணை கட்ட முடியாதவனிடம்தான் பெரிய வட்டி வந்து சேருகிறது.

இரு மடங்கு என்ற கணக்கு நம்மவர்களுக்குப் புதிதல்ல. ஒரே சமயத்தில் வசூலிக்கும் வட்டி அசலைத் தாண்டக் கூடாது என்பது பழைய தர்ம சாஸ்திர விதி. 1938-இல் ராஜாஜி மந்திரிசபை கொண்டுவந்த விவசாயிகள் கடன் நிவாரணச் சட்டம், பழைய கடன்களில் அசலைப்போல் இரு மடங்கு செலுத்தியவனுடைய கடன் அதோடு தீர்ந்தது என்றது. அன்று ஒரு சர்க்கார் 'இதற்குமேல் போகக் கூடாது' என்று போட்ட கோட்டை, இன்று ஒரு சாதாரண அட்டவணை முதல் நாளே தாண்டிப் போகத் திட்டமிட்டு வருகிறது. குற்றம் என்று நான் சொல்லவில்லை. ஆனால் கையெழுத்துப் போடுகிறவன் அந்தக் கோட்டைத் தாண்டுகிறோம் என்று தெரிந்து போட வேண்டாமா?

இந்த அட்டவணையும் நிலையானதல்ல. வட்டி ஏறினால் வங்கிகள் பெரும்பாலும் தவணையை ஏற்றுவதில்லை, வருஷத்தை ஏற்றிவிடும். வீட்டுக்காரனுக்குத் தெரியவே தெரியாது. 2022 மே முதல் 2023 பிப்ரவரி வரை ரிசர்வ் வங்கி தன் வட்டியை இரண்டரை சதவிகிதம் உயர்த்தியது. 7 சதவிகிதத்தில் 20 லட்சம் வாங்கினவனுக்குத் தவணை 15,506. வட்டி ஒன்பதரை ஆனால் மாத வட்டி மட்டுமே 15,833! எத்தனை யுகம் கட்டினாலும் கடன் தீராது. 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி தலையிட்டு, தவணையைக் கூட்டுவதா வருஷத்தைக் கூட்டுவதா என்று கடன்காரனையே கேட்க வேண்டும் என்று உத்தரவிட்டது. மாறும் வட்டிக் கடனை முன்கூட்டிக் கட்டினால் தனி நபரிடம் அபராதம் வாங்கக் கூடாது என்பது அதற்கும் முன்பே வந்துவிட்டது. வருஷத்துக்கு ஒரு தவணை அதிகமாகக் கட்டினால், நம் அட்டவணையில் மூன்று வருஷத்துக்கு மேல் குறைகிறது. இந்தக் கதையில் நடுவிலே புகுந்து முடிவை மாற்ற இடம் இருக்கிறது. அதைக் கதாநாயகனிடம் யாரும் சொல்வதில்லை.

இரண்டாவது கட்டுதலை எழுதிக் காட்டியவர் ஒருவர் உண்டு. அமெரிக்க நாடகாசிரியர் ஆர்தர் மில்லர். 1949-இல் வந்த 'டெத் ஆஃப் எ சேல்ஸ்மன்' நாடகத்தில் வில்லி லோமன் இருபத்தைந்து வருஷக் கடனில் வாங்கிய வீட்டுக்காக ஊர் ஊராய் அலைந்து விற்கிறான். கடைசித் தவணை கட்டும் நாள், அவனைப் புதைக்கும் நாளாக அமைகிறது. வீடு முழுக்கச் சொந்தமாகும்போது அதில் இருக்க வேண்டியவன் இல்லை. மில்லர் வங்கிக்காரனை மேடைக்கே கொண்டுவரவில்லை என்பதைக் கவனிக்க வேண்டும். வில்லி விட்டுக்கொடுத்தவைதான் கடன் அங்கே எடுக்கும் உருவம்.

நம் நண்பர் விட்டுக்கொடுத்தவற்றையும் கேட்டுத் தெரிந்துகொண்டேன். ஒரகடம் பக்கம் நல்ல வேலை வந்தது. வீடு இங்கே இருக்கிறதென்று போகவில்லை. போனஸ் வந்தபோதெல்லாம் அசலில் கட்டினார். அதனால்தான் வட்டி ஏறி இறங்கியும் ஏறக்குறைய அட்டவணைப்படியே வந்திருக்கிறார். மெட்ரோ ரயில் 2021-இல் விம்கோ நகர் வரை வந்ததில் அவருக்குச் சந்தோஷம். 2023 டிசம்பர் வெள்ளத்தில் எண்ணூர்க் கழிமுகத்தில் எண்ணெய் படர்ந்து, அதே மாதக் கடைசியில் பெரியகுப்பத்தில் அம்மோனியா கசிந்து ஜனங்கள் இரவில் ஓடினபோது, அவரும் வீட்டைப் பூட்டிக்கொண்டு கிளம்பினார். தவணை மட்டும் அந்த மாதமும் போயிற்று. கடல் வேறு இருக்கிறது. பத்தொன்பதாம் நூற்றாண்டில் துறைமுகச் சுவர் எழுப்பினார்கள். தெற்கே மணல் சேர்ந்து மெரினா அகன்றது, வடக்கே ராயபுரத்திலிருந்து கடல் அரித்துக்கொண்டே போய், இன்று வரை கல்லைக் கொட்டிக்கொண்டிருக்கிறார்கள். யாரோ எப்போதோ கட்டியதற்கு இந்தப் பக்கத்து ஜனங்கள் இன்னும் கட்டிக்கொண்டிருக்கிறார்கள்.

"போன மாசத்தோட பதினாலு வருசம் முடிஞ்சிது சார்" என்றார் நண்பர். "பாதி வீடு என்னுது. எந்தப் பாதின்னுதான் தெரியல. தெருப் பக்கமா, கடல் பக்கமா?"

சிரித்துவிட்டு அட்டவணையைத் திருப்பிக் கேட்டார். மகனிடம் காட்ட வேண்டுமாம். அவனுக்கும் 20 லட்சம் கடன் தருகிறார்கள், 30 வருஷத்துக்கு. மாதம் 1,900 ரூபாய் குறைகிறதென்று பையனுக்குச் சந்தோஷம். நான் ஒரு தாளில் கணக்குப் போட்டேன். அதே 9 சதவிகிதத்தில் மொத்தம் 57 லட்சத்து 93 ஆயிரம் வந்தது. மாதம் 1,900 மிச்சப்படுத்த அவன் கொடுக்கப்போகும் விலை, அப்பாவின் கணக்கைவிட 14 லட்சத்து 75 ஆயிரம் அதிகம். அந்தத் தாளையும் அட்டவணையோடு மடித்து அவரிடம் கொடுத்தேன்.

பையன் என்ன செய்தான் என்று இன்னும் தெரியவில்லை. அந்தத் தாளை வைத்துக்கொண்டு அப்பாவும் பிள்ளையும் ஒரு ராத்திரி பேசியிருப்பார்கள். எழுத வேண்டிய நாவல் அந்தப் பேச்சில் இருக்கிறது.