சிறைச்சாலையும் சித்தக் கலக்கமும்: திரையில் உளவியல் அச்சம்

காண்பது மெய்யா, மனமயக்கமா எனப் பிரித்தறிய இயலாமையே உளவியல் திகிற்படத்தின் அச்சமாகும். அந்தமானில் 1906இல் கட்டி முடிக்கப்பெற்ற செல்லுலார் சிறை இவ்வச்சத்தின் களமாகும். ஒரு பிரிவின் முகப்பு அடுத்ததன் பின்புறத்தையே நோக்குவதால், கைதியர் ஒருவர் முகத்தை ஒருவர் காண இயலாது. அலிப்பூர் வெடிகுண்டு வழக்கில் தண்டிக்கப்பெற்ற உல்லாஸ்கர் தத் 1912இல் இங்குச் சித்தம் கலங்கினார். பின்னர்ச் சென்னை மனநோய் மருத்துவமனைக்கு மாற்றப்பெற்றார். அம்மயக்க நிலையைத் தம் சிறை நினைவுகளிலும் பதிவுசெய்தார்.

இச்சிறையையே களமாகக் கொண்ட பிரியதர்சனின் 'சிறைச்சாலை' (1996) உடல்மீதான கொடுமையையே முதன்மைப்படுத்துகின்றது. பார்வையாளர் கைதியைக் காண்கின்றனர். கைதியின் கண்வழிக் காண்பதில்லை. எனவே இரக்கம் பிறக்கின்றது, ஐயம் பிறப்பதில்லை. தத்தின் அனுபவமோ ஓர் அறை, ஒரு மனம் என்னும் குறும்பட எல்லைக்குள் அடங்குவது. கொடுங்கோன்மை மனத்துள் நிகழ்த்திய அழிவை அவ்வடிவமே உணர்த்தவல்லது எனலாம்.