‘விரும்புகிறார்கள்’ என்று எழுதியது யார்?

கொஞ்ச நாளாக ஒரே ஒரு முகவுரையைத்தான் திரும்பத் திரும்பப் படிச்சுக்கிட்டிருக்கேன். 1832 அக்டோபர் 20 அன்று, இன்றைய மிசிசிப்பி மாநிலத்தின் வடபகுதியில், சிக்காசா மக்களுக்கும் அமெரிக்க அரசுக்கும் இடையே கையெழுத்தான பாண்டோடாக் உடன்படிக்கையின் முகவுரை அது. மிசிசிப்பி ஆற்றுக்குக் கிழக்கே தங்களிடம் மிச்சமிருந்த அறுபது லட்சம் ஏக்கருக்கும் மேலான நிலத்தைச் சிக்காசாக்கள் எழுதிக் கொடுத்தது இதில்தான்.

முகவுரை சொல்வது இவ்வளவுதான்: மாநிலச் சட்டத்தின் கீழ் சிக்காசாக்கள் ஒடுக்கப்படுகிறார்கள், வெள்ளையரின் மொழியும் சட்டமும் அவர்களுக்குத் தெரியாது, இந்தக் கேட்டைச் சகிப்பதைவிட மேற்கே ஒரு வீடு தேடிப் போவதையே அவர்கள் விரும்புகிறார்கள்.

முதல்முறை படித்தபோது ‘பரவாயில்லையே, நேர்மையா ஒத்துக்கிட்டிருக்காங்களே’ என்று தோன்றியது. இரண்டாம் முறை அப்படித் தோன்றவில்லை. ஒடுக்கியது யார் என்ற பெயர் அந்த வாக்கியத்தில் கிடையாது. 1830 ஜனவரியில் மிசிசிப்பி சட்டசபை சிக்காசா அரசமைப்பையே ரத்து செய்தது. தலைவர் பதவியில் இருந்து செயல்பட்டால் அபராதம், சிறை. 1786 ஹோப்வெல் உடன்படிக்கையில் இவர்களுக்குப் பாதுகாப்புத் தருவதாகச் சொன்ன அதே மத்திய அரசு, இப்போது மாநிலத்தைத் தடுக்க முடியாது என்று கையை விரித்தது. அதே ஆண்டு மே மாதம் இந்தியர் அகற்றல் சட்டமும் வந்துவிட்டது. இத்தனைக்கும் பிறகு வரும் ‘விரும்புகிறார்கள்’ என்ற சொல்லை எப்படி வாசிப்பது?

இன்னொன்று. மொழி தெரியாது என்று ஆங்கிலத்தில் எழுதி, அதே தாளில், அந்த மொழி தெரியாதவர்களிடம் பெருக்கல் குறி வாங்கியிருக்கிறார்கள். அரசுத் தரப்பில் பேசியவர் ஜான் காஃபி. ஜாக்சனின் பழைய வியாபாரக் கூட்டாளி, ஜாக்சன் மனைவியின் அண்ணன் மகளையோ தம்பி மகளையோ கட்டிய உறவுக்காரர், தொழிலால் நில அளவையாளர். தங்கள் நிலையைச் சிக்காசாக்களே சொல்வது போன்ற இந்த முகவுரை இவர் முன்னிலையில் உருவானது என்பதை மறந்துவிட்டுப் படிக்கக்கூடாது.

அடுத்த மாதமே லீவை கோல்பர்ட்டும் மற்ற தலைவர்களும் காஃபி நடந்துகொண்ட விதம் பற்றி ஜாக்சனுக்கே நீண்ட முறையீடு அனுப்பினார்கள். மனமுவந்து போகிறவர்கள் இப்படி எழுதுவாங்களா?

‘மற்ற பழங்குடிகளைவிட சிக்காசாக்களுக்கு நல்ல பேரம்’ என்ற வாதம் பல புத்தகங்களில் வரும். பாதி சரி. நிலம் விற்ற பணம் அவர்களுக்கே என்று உடன்படிக்கை சொல்கிறது. ஆனால் அளக்கிற செலவு, விற்கிற செலவு எல்லாம் போக மீதிதான் அவர்களுக்கு. துரத்துவதற்கான கூலியைத் துரத்தப்படுகிறவனே கொடுக்கிற ஏற்பாடு. அதைவிட மோசம், போக வேண்டிய இடமே அப்போது முடிவாகவில்லை. 1830இல் ஃபிராங்க்ளினில் போட்ட முந்தைய உடன்படிக்கை, மேற்கே தோதான நிலம் கிடைக்காததால்தான் செல்லாமல் போயிருந்தது. அது தெரிந்தும் இந்த முறை நிலத்தை முதலில் வாங்கிக்கொண்டார்கள்.

சிக்காசாக்களை வெறும் அப்பாவிகளாக்கி எழுதவும் எனக்கு மனசில்லை. இடம் மாறும்வரை குடும்பங்களுக்குத் தற்காலிக நிலம் ஒதுக்கும் பிரிவில், பத்து அல்லது அதற்கு மேல் அடிமைகள் வைத்திருக்கும் குடும்பத்துக்குக் கூடுதலாக ஒரு செக்‌ஷன், அதாவது 640 ஏக்கர், உண்டு. நிலத்தை இழந்தவர்களிலேயே சிலர் மனிதர்களை உடைமையாக வைத்திருந்தார்கள். அந்த அடிமைகளும் பின்னால் மேற்கே கொண்டுபோகப்பட்டார்கள். அவர்கள் எதை விரும்பினார்கள் என்று எந்த முகவுரையும் சொல்லவில்லை.

1834இல் வாஷிங்டனில் ஷரத்துகள் திருத்தப்பட்டன. 1837 ஜனவரியில் டோக்ஸ்வில்லில் சாக்டாக்களிடமிருந்து 5,30,000 டாலருக்கு ஒரு மாவட்டம் கிடைத்தது, இவர்கள் பணத்திலேயே. அதுவும் தனி நாடாக அல்ல, சாக்டா ஆட்சிக்குள் ஒரு பகுதியாக. தனி அரசாங்கம் திரும்பக் கிடைக்க 1855 உடன்படிக்கைவரை காத்திருக்க வேண்டியிருந்தது.