எல்லிஸ் ஆர். டங்கன்: தமிழறியாத இயக்குநரின் திரைக்கலை

1930களில் தென்னிந்தியாவோடு தொடர்புகொண்ட அயல்நாட்டு இயக்குநர்களுள் உலகத் திரைப்பட வரலாறுகள் பெரிதும் போற்றுவது ஹங்கேரியரான ஜோல்டான் கோர்டாவை. மைசூர்ச் சிறுவன் சாபு நடித்த ‘எலிஃபண்ட் பாய்’ (1937) அவருக்குப் புகழ் தந்தது. எனினும் அதன் மைசூர்க் காட்சிகளை எடுத்தவர் ராபர்ட் ஃபிளாஹர்ட்டி; கோர்டாவின் பங்கு பெரும்பாலும் லண்டனை அடுத்த டென்ஹாம் படப்பிடிப்பு நிலையத்திலேயே நிறைவேறியது. அதே காலத்தில் இங்கேயே பதினைந்தாண்டுகள் தங்கித் தமிழ்ப் படங்களையே தொழிலாகக் கொண்ட அமெரிக்கர் எல்லிஸ் ஆர். டங்கன், தமிழைக் கற்றுக்கொள்ளாமலேயே, புதுவைப் பாவேந்தர் பாரதிதாசனின் எழுத்தை இருமுறை திரைக்குக் கொண்டுவந்தார்.

1909-இல் ஒஹாயோ மாநிலத்தில் பிறந்து, தென் கலிபோர்னியப் பல்கலைக்கழகத்தில் திரைப்படக் கலை பயின்ற டங்கன், உடன் படித்த மாணிக் லால் டாண்டனின் அழைப்பை ஏற்று 1935-இல் இந்தியா வந்தார். மறு ஆண்டே அவர் இயக்கிய ‘சதி லீலாவதி’, எஸ்.எஸ். வாசனின் கதையைத் தழுவியதாகவும் எம்.ஜி.ஆரின் முதல் படமாகவும் பெயர்பெற்றது. நாடக மேடையைப் பார்ப்பதுபோலக் கேமராவை ஓரிடத்தில் நிறுத்தி, நடிகர் பாடி முடிக்கும்வரை அசைக்காதிருப்பதே அன்றைய வழக்கமாக இருக்க, டங்கனோ கேமராவைத் தண்டவாளத்தின்மேல் நகரும் வண்டியில் ஏற்றி நடிகரோடு நகர்த்தினார். முகத்தை மட்டும் திரை நிறையக் காட்டும் அண்மைக் காட்சிக்கு உரிய இடத்தைத் தேர்ந்து பயன்படுத்தினார். தியாகராஜ பாகவதரின் ‘அம்பிகாபதி’யில் (1937) காதலர் சந்திப்பை ‘ரோமியோ ஜூலியட்’ உப்பரிகைக் காட்சியின் சாயலில் அவர் அமைத்ததும், இளங்கோவனின் இலக்கியச் சுவை மிக்க வசனம் அதனோடு இசைந்ததும் அப்படத்தைத் தனித்து நிறுத்தின.

மொழி அறியாமை அவருக்குக் குறையாகவே இருந்திருக்கும் என்று கருதுவோர் ‘மீரா’வை (1945) ஒருமுறை பார்க்க வேண்டும். எம்.எஸ். சுப்புலட்சுமியின் முகத்துக்கு எந்தக் கோணத்தில் விழும் ஒளி பொருந்தும் என்பதை அறிய, அவருடைய தலையைப் பிளாஸ்டரில் மார்பளவுச் சிலையாக வார்த்து, டங்கனும் ஒளிப்பதிவாளர் ஜிதன் பானர்ஜியும் விளக்குகளை உயர்த்தியும் தாழ்த்தியும் பக்கவாட்டில் நகர்த்தியும் நிழலின் போக்கை ஆராய்ந்தனர். நடிகையைச் சோர்வடையச் செய்யாமல் நடந்த இந்த முன்னாய்வின் பயனாகவே, பாடும் முகத்தின் கன்னமேடும் கண்ணிமையும் பக்தியை உரையாடலின் துணையின்றியே உணர்த்துகின்றன. சொல்லைச் செவியால் தொடர முடியாதவர் முகத்தை அத்தனை கூர்ந்து நோக்கியதில் வியப்பில்லை.

பாரதிதாசனோடு அவர் முதலில் சேர்ந்த ‘காளமேகம்’ (1940) வெற்றிபெறவில்லை. நாதஸ்வர மேதை டி.என். ராஜரத்தினம் பிள்ளையை வசைக்கவியாக நடிக்கவைத்த துணிவு பாராட்டத்தக்கது; ஆனால் சிலேடையை, அதாவது ஒரே தொடரில் இருபொருள் தோன்றப் பாடும் முறையை, உயிராகக் கொண்ட புலவரின் கதையில் கேமராவுக்கு வேலை குறைவு. பத்தாண்டுகளுக்குப் பின் மாடர்ன் தியேட்டர்ஸ் தயாரித்த ‘பொன்முடி’யோ (1950) பாவேந்தரின் ‘எதிர்பாராத முத்தம்’ காவியத்திலிருந்து பிறந்தது. பார்வையாலும் நெருக்கத்தாலும் நகரும் அக்காதல் கதை டங்கனின் கைக்குப் பொருத்தமாக அமைந்தது; பி.வி. நரசிம்ம பாரதியும் மாதுரி தேவியும் நடித்த காதல் காட்சிகளின் நெருக்கம் அன்று கண்டனத்துக்கு உள்ளானது என்றாலும், காவியத்தின் தலைப்பையே அறிந்தவர்கள் அதில் அதிர்ச்சியடைய என்ன இருந்தது?

அதே ஆண்டின் ‘மந்திரி குமாரி’ கலைஞர் மு. கருணாநிதியின் வசனத்தால் பெரும்புகழ் பெற்றது; படம் முடியுமுன் டங்கன் தாயகம் திரும்பிவிட, டி.ஆர். சுந்தரம் அதை நிறைவுசெய்தார். வசனத்தின் ஆட்சி தொடங்கிய அப்படத்தைவிட, கவிதையும் கேமராவும் சமபங்கு கொண்ட ‘பொன்முடி’யே டங்கனின் கலையை மதிப்பிட ஏற்ற படம். பெருமாள் கோயில் தெருவிலுள்ள பாவேந்தரின் இல்லத்தை நினைவு அருங்காட்சியகமாகப் பேணும் புதுச்சேரி, அவர் பிறந்தநாளான ஏப்ரல் 29-இல் அப்படத்தை ஆண்டுதோறும் திரையிட முன்வர வேண்டும்.